வொய்ச்செஹ், அடல்பெர்ட்: ஒரே மனிதருக்கு இரண்டு பெயர்கள் வந்தது எப்படி?

ஏட்டுச்சுவடி:

அனைவருக்கும் வணக்கம். மத்திய ஐரோப்பாவின் இடைக்கால வரலாற்றைப் படித்துக்கொண்டிருக்கிறேன். 997ஆம் ஆண்டில் பால்டிக் கடற்கரையில் கொல்லப்பட்ட ஓர் ஆயரை ஒரு நூல் புனித அடல்பெர்ட் என்கிறது. இன்னொரு நூல் அதே நிகழ்ச்சியை விவரித்துவிட்டு அவரைப் புனித வொய்ச்செஹ் என்கிறது. ஆண்டும் இடமும் சாவும் ஒன்றாக இருப்பதால் இருவரும் ஒருவரே என்று தெரிகிறது. ஆனால் அந்த இரண்டு பெயர்களில் ஓர் எழுத்துகூட ஒத்துப்போகவில்லையே! ஒன்று மற்றொன்றின் மொழிபெயர்ப்பா? வொய்ச்செஹ் என்ற பெயருக்குப் பொருள் என்ன, அது எங்கே பிறந்தது? தெரிந்தவர்கள் விரிவாகவே எழுதுங்கள்.

வேர்தேடி:

நல்ல கேள்வி ஐயா. பெயரின் உடலிலிருந்து தொடங்குகிறேன்.

ஆங்கில எழுத்துக்கூட்டலைப் பார்த்துப் பலர் இதை 'வோஜ்சீச்' என்று எழுதுகிறார்கள். போலிஷ் மொழியில் ஜே என்ற எழுத்துக்கு யகர ஒலி. நடுவில் வருவது நம் 'ச்சே' போன்ற மெல்லிய சகரம். கடைசியில் தொண்டையிலிருந்து வரும் ஹகரம். அழுத்தம் முதல் அசையில் விழும். தமிழில் வொய்ச்செஹ் என்று எழுதினால் ஏறக்குறைய சரியாக வந்துவிடும்.

இது இரண்டு உறுப்புகள் சேர்ந்த பழைய ஸ்லாவியப் பெயர். முதல் உறுப்பு 'வொய்'. போர்வீரன், போர் என்ற பொருள்களைத் தரும் வேர் அது. இன்றைய போலிஷ் மொழியில் போருக்கு வொய்னா, படைக்கு வொய்ஸ்கோ. படைத்தலைவனைக் குறித்த வொயெவொதா என்ற சொல் பிறகு மாகாண ஆளுநரின் பதவிப்பெயராகிவிட்டது. இரண்டாம் உறுப்பு 'ச்செஹ்'. மகிழ்ச்சி, ஆறுதல் என்று பொருள். பொச்செஹா என்றால் ஆறுதல். அம்மாக்கள் குழந்தையையும் அப்படித்தான் சொல்வார்கள். ஏப்ரல் 23இல் வரும் இந்தப் புனிதரின் திருநாளை ஒட்டிய நாட்டுப்புறப் பழமொழிகளில் வொய்ச்செஹா, பொச்செஹா என்று எதுகை வைத்திருக்கிறார்கள். பெயருக்குள் இருக்கும் மகிழ்ச்சி சாதாரணக் குடியானவரின் காதுக்கும் கேட்டிருக்கிறது என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம்.

செக் மொழியில் இதே பெயர் வொய்த்யெஹ். அங்கே தகரம் தகரமாகவே நின்றது. போலிஷில் அது மெலிந்து சகரமாயிற்று. வீட்டில் கூப்பிடும் சுருக்கப் பெயர் போலந்திலும் வொய்தெக் என்றுதான் இருக்கிறது, அதில் தகரம் அப்படியே நிற்கிறது.

அடல்பெர்ட் முழுக்க ஜெர்மானியப் பெயர். 'அடல்' என்றால் உயர்குடி. 'பெர்ட்' என்றால் ஒளி பொருந்திய. போருக்கும் மகிழ்ச்சிக்கும் அங்கே இடமே இல்லை. ஆகவே மொழிபெயர்ப்பு என்ற பேச்சுக்கே வழியில்லை.

மலைநாடன்:

பொருள் தெளிவாகத்தான் இருக்கிறதே. 'மகிழ்ச்சியான போர்வீரன்'. இரண்டாம் உலகப்போரில் போலந்துப் படையோடு இருந்த கரடிக்கு வொய்தெக் என்று பெயர் வைத்ததே அந்தப் பொருளுக்காகத்தான் என்று பல இடங்களில் படித்திருக்கிறேன்.

கரடியின் கதையைத் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1942இல் ஈரானில் தாயை இழந்த கரடிக்குட்டி ஒன்று போலந்து வீரர்களிடம் வந்து சேர்ந்தது. பீரங்கிக் குண்டுகளை ஏற்றிச் செல்லும் 22ஆம் படைப்பிரிவின் வீரர் பட்டியலில் அதன் பெயரையும் சேர்த்தார்கள். 1944இல் இத்தாலியின் மோன்தே கசீனோ போரில் அது அந்தப் பிரிவோடு இருந்தது. குண்டைத் தூக்கி நடக்கும் கரடியின் உருவமே பிறகு அந்தப் பிரிவின் சின்னமாயிற்று. போருக்குப் பின் எடின்பரோ விலங்குக்காட்சிச் சாலையில் வாழ்ந்து 1963இல் இறந்தது. இதைவிடப் பொருத்தமான பெயர் அதற்கு உண்டா?

வேர்தேடி:

கரடிக்கு அந்தப் பெயர் மிகவும் பொருந்தியது, அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் வொய்தெக் என்பது போலந்தில் தெருவுக்கு நான்கு பேர் வைத்திருக்கக்கூடிய செல்லப்பெயர். வீரர்கள் தங்கள் வீட்டுத் தம்பியைக் கூப்பிடும் பெயரால் அந்தக் குட்டியையும் கூப்பிட்டார்கள் என்று பார்ப்பதே எனக்குச் சரியாகப் படுகிறது.

'மகிழ்ச்சியான போர்வீரன்' என்ற விளக்கத்தில்தான் என் சண்டை. வேர்கள் இரண்டும் சந்தேகத்துக்கு இடமில்லாதவை. அவற்றுக்கு இடையில் என்ன உறவு என்பதைப் பெயர் சொல்வதில்லை. போரில் மகிழ்பவன் என்று ஒருவர் எழுதுவார். வீரர்களுக்கு மகிழ்ச்சி தருபவன் என்று இன்னொருவர் எழுதுவார். வீரர்களின் ஆறுதல் என்றும் கொள்ளலாம். மூன்றுக்கும் இடம் உண்டு. பழைய ஸ்லாவியப் பெயர்களை வாக்கியம் போலப் பிரித்துப் படித்தால் பல இடங்களில் முட்டிக்கொள்வோம். காஜிமியெஷ் என்ற அரசப் பெயரைப் பாருங்கள். முதல் உறுப்பு கெடுப்பதைக் குறிக்கிறது, இரண்டாவதை அமைதி என்று பொதுவாகச் சொல்கிறார்கள். அமைதியைக் கெடுப்பவன் என்று எந்தத் தகப்பனாவது மகனுக்குப் பெயர் வைப்பானா? அதனால்தான் அந்தப் பெயருக்கு விளக்கத்துக்கு மேல் விளக்கமாக எழுதிக்கொண்டே இருக்கிறார்கள்.

புகழ், அமைதி, போர், மகிழ்ச்சி, கடவுள் என்று மதிப்புக்குரிய சில சொற்கள் கையில் இருந்தன. அவற்றை இணைத்துக் குழந்தைக்கு வாழ்த்தாகச் சூட்டினார்கள். 'வொய்' முன்னால் வந்தால் வொய்ஸ்வாஃப், வொய்மிர். பின்னால் வந்தால் செஞ்சிவுய், பொஷிவுய். 'ச்செஹ்' பின்னால் வரும் இன்னொரு பெயர் ஷெச்செஹ். 11ஆம் நூற்றாண்டின் கடைசியில் போலந்தை ஆட்டிப்படைத்த ஓர் அமைச்சரின் பெயர் அது.

இதே மகிழ்ச்சி வேர் செஷின் என்ற எல்லை நகரின் பெயரிலும் இருக்கிறது. நெடுநாள் பிரிந்திருந்த மூன்று சகோதரர்கள் 810ஆம் ஆண்டில் ஓர் ஊற்றருகே சந்தித்து மகிழ்ந்து அங்கே ஊரை உண்டாக்கினார்கள் என்பது அந்த ஊர்க் கதை. மொழியறிஞர்களோ அந்த வேரிலிருந்து வந்த ஓர் ஆளின் பெயரால்தான் ஊர்ப்பெயர் வந்தது என்பார்கள். ஊர்க்காரர்கள் இன்றும் கதையைத்தான் விரும்புகிறார்கள், மூன்று சகோதரர்கள் கிணறும் அங்கே இருக்கிறது.

பங்குமகள்:

ஏட்டுச்சுவடி ஐயா கேட்டதன் மறுபாதிக்கு வருகிறேன். இரண்டு பெயர்களையும் கட்டிப்போட்டது ஓர் உறுதிபூசுதல் சடங்கு, அதாவது திருமுழுக்குப் பெற்றவரை விசுவாசத்தில் உறுதிப்படுத்தும் திருச்சபைச் சடங்கு.

இவர் 956ஆம் ஆண்டையொட்டி பொஹீமியாவில், லிபிட்செ கோட்டையில் பிறந்தார். அது இன்றைய செக் நாட்டில் இருக்கிறது. தந்தை ஸ்லாவ்னிக் அந்தப் பகுதியின் பெரும் தலைவர். பிள்ளைக்கு வைத்த பெயர் வொய்த்யெஹ், போர்வீரர் குடும்பத்துக்கு ஏற்ற பெயர். பிறகு அவரை இறைப்பணிக்கு நேர்ந்துகொண்டு, படிப்பதற்காக ஜெர்மன் நாட்டு மக்டெபுர்க் நகருக்கு அனுப்பினார்கள். அங்கே பேராயராக இருந்தவரின் பெயர்தான் அடல்பெர்ட். தம் ஆசானும் காவலருமான அவருடைய பெயரை உறுதிபூசுதலின்போது மாணவர் ஏற்றுக்கொண்டார். லத்தீனில் எழுதும் கிறிஸ்தவ உலகம் அவரை அந்தப் பெயராலேயே அறிந்தது. ஸ்லாவிய மொழி பேசுகிறவர்களுக்கோ அவர் தாய் வைத்த பெயரிலேயே இருந்தார்.

இப்போது அவருடைய தம்பியைப் பாருங்கள். இந்தக் குடும்பத்தில் என்னை மிகவும் கவர்ந்தவர் அவர்தான். மாற்றாந்தாய் வயிற்றுப் பிள்ளை, பெயர் ராதிம். 'ராத்' என்றால் ஸ்லாவிய மொழிகளில் மகிழ்வுடைய என்று பொருள். அண்ணனோடு துறவு பூண்ட அவரைச் சமய உலகம் கௌதென்சியுஸ் என்று அழைத்தது. லத்தீனில் அதற்கு மகிழ்கிறவன் என்று பொருள்! ஆக, தம்பியின் பெயரைப் பொருள் பார்த்து லத்தீனாக்கியிருக்கிறார்கள். அண்ணனின் பெயரிலும் மகிழ்ச்சி இருந்தது, ஆனாலும் அதை யாரும் மொழிபெயர்க்கவில்லை. அங்கே ஆசானின் பெயர் வந்து உட்கார்ந்துகொண்டது. ஒரே வீட்டில் இரண்டு வழிகள்.

அண்ணனின் வாழ்க்கையில் மகிழ்ச்சி அதிகம் இல்லை. 982இல் பிராக் நகரின் ஆயராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அடிமை வாணிபத்தையும் பலதார மணத்தையும் கண்டித்தார். ஊர் கேட்கவில்லை. மனம் வெறுத்து ரோமுக்குப் போய் அவென்டைன் குன்றின் மடத்தில் துறவியானார், திரும்பி வந்தார், மறுபடியும் வெளியேறினார். 995இல் லிபிட்செ கோட்டைக்குள் புகுந்த எதிரிகள் அங்கே இருந்த அவருடைய சகோதரர்களைக் கொன்றுபோட்டார்கள். அதன்பின் அவர் போக வீடே இல்லை. போலந்துக்கு வந்து, பால்டிக் கரையில் வாழ்ந்த பழைய புரூசியரிடம் நற்செய்தி சொல்லப் புறப்பட்டார். 997 ஏப்ரல் 23 அன்று அவரை ஈட்டியால் குத்திக் கொன்றார்கள். உடன் சென்ற தம்பி ராதிம் உயிர் தப்பினார்.

ஏட்டுச்சுவடி:

அம்மா, நெஞ்சைத் தொடும் வகையில் எழுதியிருக்கிறீர்கள், நன்றி. அப்படியென்றால் அந்த இரண்டு பெயர்களையும் இணைத்தது அந்த ஒருவரின் வாழ்க்கை மட்டுமே. அவருக்குப் பின் பிறந்து வொய்ச்செஹ் என்று பெயர் பெற்ற லட்சக்கணக்கானவர்களின் நிலை என்ன? அவர்களும் லத்தீனில் அடல்பெர்ட் ஆனார்களா?

பதிவேடு:

ஆனார்கள். போலந்துப் பங்குக் கோவில்களின் பழைய பதிவேடுகளைப் படிப்பவர்களுக்கு இது அன்றாட அனுபவம். பெற்றோர் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கோவிலுக்கு வருவார்கள், வொய்ச்செஹ் என்று பெயர் சொல்வார்கள். பங்குத்தந்தை லத்தீன் ஏட்டில் அடல்பெர்த்துஸ் என்று எழுதுவார். சில இடங்களில் அது அல்பெர்த்துஸ் என்று இன்னும் சுருங்கும். அந்தப் பிள்ளை வாழ்நாளில் ஒருமுறைகூட அந்தப் பெயரைத் தன்னை அழைக்கக் கேட்டிருக்க மாட்டான். திருமணத்திலும் சாவிலும் மறுபடி அதே லத்தீன் பெயர் ஏட்டில் ஏறும்.

18ஆம் நூற்றாண்டின் இறுதியில் போலந்தை மூன்று பேரரசுகள் பங்குபோட்டுக்கொண்டதால் குழப்பம் இன்னும் பெருகியது. ஆஸ்திரியாவுக்குப் போன கலீசியாவில் லத்தீன் ஏடுகள் தொடர்ந்தன. வார்சாவைச் சுற்றிய பகுதியில் 1808 முதல் போலிஷில் எழுதினார்கள். 1868 முதல் ரஷ்ய மொழியில் எழுத வேண்டியதாயிற்று. பிரஷ்யாவின் கீழ் இருந்தவர்களுக்கு ஜெர்மன் அடல்பெர்ட். ஒரே குடும்பத்தில் தாத்தா ஓர் ஏட்டில் அடல்பெர்த்துஸ், பேரன் இன்னோர் ஏட்டில் வொய்ச்செஹ் என்று இருந்தால் இருவருக்கும் ஒரே பெயர் வைத்தார்கள் என்பதே ஆய்வாளருக்குப் புரியாமல் போய்விடும்.

பொதுவாழ்வில் அறியப்பட்டவர்களிலிருந்து இரண்டு பேரைச் சொல்கிறேன். 15ஆம் நூற்றாண்டில் கிராக்கோவ் பல்கலைக்கழகத்தில் வானியல் கற்பித்த ப்ரூட்ஜெவோ ஊர்க்காரர் ஒருவர்; கோப்பர்நிக்கஸ் அங்கே படித்த காலத்தவர். போலிஷ் நூல்களில் அவர் வொய்ச்செஹ். லத்தீன் வழி வந்த நூல்களில் அல்பெர்ட். இரண்டு வானியலாளர்கள் என்று நினைத்துவிட வேண்டாம். அடுத்தவர் ஜெர்மனி-போலந்து எல்லைப் பகுதியான சைலீசியாவின் அரசியல் தலைவர் வொய்ச்செஹ் கொர்ஃபான்டி. பிரஷ்ய ஆட்சியின் கீழ் 1873 ஏப்ரல் 20 அன்று பிறந்தார், புனிதரின் திருநாளுக்கு மூன்று நாள் முன்பு. திருமுழுக்குப் பெயர் அடல்பெர்ட். 1903இல் ஜெர்மன் நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டு அங்கே போலிஷ் மக்களுக்காகப் பேசினார். 1921இன் மூன்றாம் சைலீசிய எழுச்சிக்குத் தலைமை தாங்கினார். போலந்து அவரை வொய்ச்செஹ் என்றே நினைவில் வைத்திருக்கிறது. அவர் காலத்துச் சைலீசியாவில் அடல்பெர்ட் என்பதா வொய்ச்செஹ் என்பதா என்பது நீ யார் பக்கம் என்ற கேள்வியாகவே இருந்தது.

அமெரிக்காவுக்குப் போன வொய்ச்செஹ்கள் பலர் அங்கே ஆல்பர்ட் ஆனார்கள். 1874இல் சிகாகோவில் போலந்துக் குடியேறிகள் தொடங்கிய பங்கு ஒன்றின் பெயர் ஆங்கிலத்தில் புனித அடல்பெர்ட். அந்தப் பெயரைப் பார்த்து அதை ஜெர்மானியர் கோவில் என்று நினைப்பவர்கள் உண்டு.

மலைநாடன்:

எல்லாம் சரி. ஆனால் இவர் பிறந்தது பொஹீமியாவில், ஆயராக இருந்தது பிராகில், படித்தது ஜெர்மன் நாட்டில், இறந்தது புரூசியரிடையே. போலந்தில் அவர் இருந்தது மிகக் குறுகிய காலம். பிறகு எப்படி இதைப் பாரம்பரியப் போலந்துப் பெயர் என்கிறீர்கள்? செக் பெயர் என்றல்லவா சொல்ல வேண்டும்?

கிராக்கோவ்வாசி:

போலந்தில் பல ஆண்டுகளாக வாழ்கிறேன். இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

பெயரின் உறுப்புகள் எல்லா ஸ்லாவியருக்கும் பொதுவானவை. செக் நாட்டுக்காரர் தம்முடையது என்றால் அது நியாயம். ஆனால் இந்தப் பெயரைப் போலந்து எப்படித் தன்னுடையதாக்கியது என்பதைப் பாருங்கள். அவர் உயிரோடு தங்கிய மாதங்கள் கொஞ்சம்தான், உடலாகத் திரும்பி வந்த பிறகுதான் எல்லாம் தொடங்கியது. கொலை செய்தவர்களிடமிருந்து அவருடைய உடலைப் போலந்தை ஆண்ட போலெஸ்வாஃப் ஹ்ரோப்ரி எடைக்கு எடை பொன் கொடுத்து மீட்டார் என்பது மரபு. அதைப் போலந்தின் க்னியெஸ்னோ நகரில் அடக்கம் செய்தார்கள். 999இல் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார். 1000ஆம் ஆண்டில் பேரரசர் மூன்றாம் ஓட்டோ அந்தக் கல்லறையை வணங்க வந்தார். ஊர் எல்லையிலிருந்து வெறுங்காலோடு நடந்தார் என்று எழுதிவைத்திருக்கிறார்கள். அவர் வந்தபோதுதான் போலந்துக்கென்று தனிப் பேராயம் ஏற்பட்டது; கிராக்கோவ், வ்ரொட்ஸ்வாஃப், கொவொப்ஷெக் ஆயர்கள் அதன்கீழ் வந்தார்கள். முதல் பேராயர் யார் தெரியுமா? பங்குமகள் அம்மா சொன்ன தம்பி ராதிம்தான். ஜெர்மன் பேராயர்களின் கைக்குள் அடங்காத ஒரு திருச்சபை போலந்துக்குக் கிடைத்தது இந்தக் கல்லறையால். அப்படியிருக்க அந்தப் பெயரை எப்படி வெளிநாட்டுப் பெயர் என்பார்கள்?

க்னியெஸ்னோ பேராலயத்தில் 12ஆம் நூற்றாண்டில் வார்த்த வெண்கலக் கதவுகள் இருக்கின்றன. இரண்டு கதவிலும் சேர்த்து 18 காட்சிகளில் இவருடைய வாழ்க்கை. இடப்பக்கக் கதவில் அடியிலிருந்து மேலாகப் பார்த்துக்கொண்டு போக வேண்டும். வலப்பக்கத்தில் உச்சியிலிருந்து கீழே இறங்க வேண்டும். இடது அடியில் குழந்தை பிறக்கிறது, குளிப்பாட்டுகிறார்கள். உச்சியை நெருங்கும்போது அடிமைகளை விற்பதற்கு எதிராக ஆயர் வாதாடுகிறார். வலப்பக்கத்தில் கொலையும், தறித்த தலையும், பொன்னை நிறுத்து உடலை மீட்கும் காட்சியும் வருகின்றன. எழுத்துத் தெரியாத மக்கள் தங்கள் பிள்ளைகளுக்கு ஏன் இந்தப் பெயரை வைத்தார்கள் என்பது அந்தக் கதவின்முன் நிற்கும்போது விளங்கும். வேரின் பொருளைப் பார்த்து வைத்தவர்கள் மிகக் குறைவாகவே இருந்திருப்பார்கள். இந்த மனிதருக்காக வைத்தார்கள்.

இன்னொரு காரணமும் உண்டு. 16ஆம் நூற்றாண்டில் கத்தோலிக்க ஆயர்கள் கூடிய திரெந்து பொதுச்சங்கத்துக்குப் பிறகு பிள்ளைகளுக்குப் புனிதர்களின் பெயர்களையே வைக்கும்படி திருச்சபை வற்புறுத்தியது. பழைய ஸ்லாவியப் பெயர்கள் பலவும் அப்போது வழக்கொழிந்தன. 1136இல் திருத்தந்தை க்னியெஸ்னோ பேராயத்துக்கு வழங்கிய ஆணையில் ஏறக்குறைய 410 போலிஷ் பெயர்கள் பதிவாகியிருக்கின்றன. அவற்றில் இருக்கும் ஆட்பெயர்களில் பெரும்பாலானவற்றை இன்று தெருவில் கேட்க முடியாது. வொய்ச்செஹ், ஸ்தானிஸ்வாஃப், காஜிமியெஷ் போன்றவை பிழைத்ததற்குக் காரணம் அந்தப் பெயரில் ஒரு புனிதர் இருந்ததுதான். கிறிஸ்தவத்துக்கு முந்திய ஒரு போர்வீரப் பெயரைக் கடைசியில் கிறிஸ்தவமே காப்பாற்றிக் கொடுத்தது! இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு தீருவதில்லை.

கிராக்கோவ் பெருஞ்சதுக்கத்தின் ஒரு மூலையில் இவர் பெயரில் மிகச் சிறிய கோவில் ஒன்று இருக்கிறது. அந்த இடத்தில் அவர் மறையுரை ஆற்றினார் என்பார்கள். நூற்றாண்டுகள் போகப் போகச் சதுக்கத்தின் தரை மேடேறிவிட்டதால் கோவிலின் பழைய கல்வாயில் இன்று தரைமட்டத்துக்குக் கீழே தெரிகிறது. அதே சதுக்கத்தில்தான் 1794இல் போலந்துத் தளபதி கொஷ்சுஷ்கோ ரஷ்யாவுக்கு எதிரான எழுச்சிக்கு உறுதிமொழி எடுத்தார். சில நாட்களில் ரட்ஸ்வவிட்செ போரில் ரஷ்யப் பீரங்கியின் திரியைத் தொப்பியால் அணைத்த குடியானவர் பார்தொஷ் க்வொவாட்ஸ்கியை எல்லாரும் அறிவார்கள். அவருக்குப் பெற்றோர் வைத்த பெயரும் வொய்ச்செஹ்தான்.

பங்குமகள்:

பிராகின் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன், அதுதான் நியாயம். 1039இல் பொஹீமியாவை ஆண்ட பிரெத்திஸ்லாவ் க்னியெஸ்னோவைச் சூறையாடித் திருப்பண்டங்களை, அதாவது புனிதரின் உடல் எச்சங்களை, பிராகுக்கு எடுத்துச் சென்றார். உயிரோடு இருந்தபோது சொல் கேட்காத ஊர், இறந்தபின் படையெடுத்து வந்து அவரைத் தூக்கிக்கொண்டு போனது. முக்கியமானவை தங்களிடமே தங்கிவிட்டன என்று போலந்துக்காரர்கள் சொல்லிவந்தார்கள். இரண்டு பேராலயங்களும் இன்றுவரை அவரை வணங்குகின்றன. செக் நாட்டில் வொய்த்யெஹ் என்ற பெயர் இன்றும் பிள்ளைகளுக்குத் தாராளமாக வைக்கப்படுகிறது.

மலைநாடன்:

விளக்கங்களுக்கு நன்றி. வொய்ச்செஹொஃப்ஸ்கி, வூய்ச்சிக், வொய்தீவா என்ற குடும்பப் பெயர்களும் இதிலிருந்து வந்தவைதானே? கடைசியில் சொன்னது திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலின் குடும்பப் பெயர் ஆயிற்றே!

வேர்தேடி:

முதலாவதில் ஐயமே வேண்டாம். 1922 முதல் 1926 வரை குடியரசுத் தலைவராக இருந்த ஸ்தானிஸ்வாஃப் வொய்ச்செஹொஃப்ஸ்கியின் பெயரில் வொய்ச்செஹ் முழுசாக இருக்கிறது.

வூய்ச்சிக் வேறு குடும்பம். கிராமத் தலைவருக்குப் போலிஷில் வூய்த் என்று பெயர். அது ஜெர்மன் வழியாக லத்தீனின் 'அத்வொகாத்துஸ்' என்ற சொல்லிலிருந்து வந்தது. கிராமத் தலைவரின் மகன் வூய்ச்சிக். ஒலி ஒத்துப்போவதால் இரண்டையும் ஒன்றாகக் கட்டிவிடக் கூடாது. வொய்தீவாவை இரண்டு பக்கமும் இழுக்கிறார்கள்: வொய்தெக் என்ற செல்லப்பெயரின் வழியாகவும் வரலாம், வூய்த் பதவியின் வழியாகவும் வரலாம்.

ஏட்டுச்சுவடி:

தமிழில் எழுதும்போது போலந்து, பொஹீமியா பற்றிய இடங்களில் வொய்ச்செஹ் என்றும், லத்தீன் ஆவணங்களை மேற்கோள் காட்டும் இடங்களில் அடைப்புக்குள் அடல்பெர்ட் என்றும் எழுத முடிவு செய்திருக்கிறேன். கடைசியாக ஒன்று: அந்தப் பெயருள்ள போலந்துப் பேராசிரியர் ஒருவருக்குக் கடிதம் எழுத வேண்டியிருக்கிறது. எப்படி விளிப்பது?

கிராக்கோவ்வாசி:

முதல் கடிதத்தில் பெயரே வேண்டாம் ஐயா. 'ஷனோவ்னி பானியெ ப்ரொஃபெசொஷெ' என்று பதவியை வைத்து எழுதுங்கள், 'மதிப்புக்குரிய பேராசிரியர் அவர்களே' என்பதற்கு இணையானது. பழக்கம் ஏற்பட்டபின் அவரே தொடங்கினால் 'பானியெ வொய்ச்செஹு' என்று எழுதலாம். போலிஷில் பெயருக்கு விளி வேற்றுமை உண்டு, அந்த உகரத்தை விட்டுவிடாதீர்கள். 'வொய்த்கு' என்பது நண்பர்களுக்கும் வீட்டாருக்கும் மட்டும். ஏப்ரல் 23 வரும்போது ஒரு வரி வாழ்த்து அனுப்புங்கள். முக்கியமாகப் பெரியவர்களிடையே பிறந்தநாளைவிடப் பெயர்நாளைக் கொண்டாடும் வழக்கம் இன்னும் இருக்கிறது. நாட்காட்டியில் அன்றைய தாளிலேயே வொய்ச்செஹ் என்று அச்சடித்திருக்கும், நீங்கள் நினைவில் வைத்திருந்தது அவருக்கு மிகவும் பிடிக்கும்.